கேள்வி உங்களுடையது: வீட்டிலேயே ஜெர்மன் ஹெரிங் சாலட்

இந்த இதழுக்கு வந்த சமையல் கடிதங்களில் பெரும்பாலானவை சுங்கை சிப்புட்டிலிருந்து, அதுவும் ஒரே பண்டத்தைப் பற்றி. ஒரு வீட்டு விருந்துக்கு அக்கம்பக்கமே கைகொடுக்கிறது போலிருக்கிறது. அதனால் பதில்களையும் சேர்த்தே தருகிறோம்.

கேள்வி: மகன் ஜெர்மனியில், கீல் நகரத்துப் பெண்ணைக் கட்டியிருக்கிறான். கிறிஸ்துமஸுக்குச் சம்பந்தி வீட்டார் இங்கே வருகிறார்கள். அவர்கள் ஊரில் பண்டிகைக்கு ஹெரிங் மீனில் ஒரு சாலட் செய்வார்களாம். எந்த மீன் வாங்க வேண்டும், என்னென்ன சேர்க்க வேண்டும், எப்படிச் செய்வது? (வாசகி, சுங்கை சிப்புட்)

முதலில் மீன். இந்தச் சாலட்டுக்கு ஆகிவந்தது மாட்ஜஸ். முட்டையிடும் பருவத்துக்கு முன், மே கடைசியிலிருந்து ஜூலை தொடக்கம் வரை கொழுப்பு ஏறியிருக்கும் ஹெரிங்கைப் பிடித்து, லேசான உப்பில் பதப்படுத்துவார்கள். அதைச் சமைப்பதில்லை. மீனின் செரிமான உறுப்பில் உள்ள நொதிகளே சதையை வெண்ணெய் போல் மிருதுவாக்கிவிடும். நம் நாட்டில் இதை ஈப்போ, கோலாலம்பூர் பக்கம் இறக்குமதிப் பண்டம் விற்கும் பேரங்காடிகளில் தேடிப் பாருங்கள். உறைந்த துண்டமாகவோ எண்ணெயில் இட்ட பொட்டலமாகவோ இருக்கும். சதை வெளிர் ரோஜா நிறத்தில், தோல் வெள்ளியாக மின்ன வேண்டும். ஓரம் மஞ்சளோ பழுப்போ ஆகியிருந்தால் கொழுப்பு சிக்கடித்துவிட்டது என்று பொருள். அந்த வாடை சாலட் முழுவதும் ஏறிவிடும், வாங்காதீர்கள். கடையிலிருந்து வீடு வரும்வரை ஐஸ் போட்ட பெட்டியில் இருக்கட்டும். உறைந்ததை முதல் நாள் இரவே குளிர்பெட்டியின் கீழ்த்தட்டில் இறக்கி வையுங்கள். மேசைமேல் வைத்து உருக்கினால் சதை குழைந்துவிடும்.

6 பேருக்கு அளவு: மாட்ஜஸ் துண்டம் 400 கிராம், குழையாத வகை உருளைக்கிழங்கு 300 கிராம், பீட்ரூட் 250 கிராம், பெரிய பச்சை ஆப்பிள் 1, வினிகரில் ஊறிய சின்ன வெள்ளரி 120 கிராம், சிவப்பு வெங்காயம் சிறியதாக 1, அவித்த முட்டை 2. கலவைக்கு, சவர் கிரீம் 200 கிராம், மயோனெய்ஸ் 80 கிராம், காரமான மஸ்டர்ட் 1 தேக்கரண்டி, வெள்ளரி ஊறிய வினிகர் நீர் 2 மேசைக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி, சர்க்கரை அரைத் தேக்கரண்டி. சோயிக்கீரை எனப்படும் டில் கிடைத்தால் ஒரு கைப்பிடி. இந்தப் பட்டியலில் உப்பு இல்லை. மறந்துபோய் விடவில்லை, மீனில் இருப்பதே போதும்.

உருளைக்கிழங்கையும் பீட்ரூட்டையும் தோலோடு, தனித்தனிப் பாத்திரத்தில் அவியுங்கள். பீட்ரூட்டுக்குக் காம்பை இரண்டு விரற்கடை விட்டு, வால்வேரை வெட்டாமல் அவித்தால்தான் சாயம் வெளியேறாது. அளவைப் பொறுத்து 45 நிமிடம் முதல் ஒரு மணி நேரம் ஆகும். இரண்டும் முழுக்க ஆறட்டும். நறுக்கிய பீட்ரூட்டில் 1 தேக்கரண்டி வினிகர் தெளித்தால் சிவப்பு மங்காது. ஆப்பிளிலும் அப்படியே, இல்லையென்றால் கறுத்துவிடும். வெங்காயத்தைப் பொடியாக அரிந்து, அரைத் தேக்கரண்டி உப்பில் 10 நிமிடம் பிசறி வைத்து, கழுவி, இறுக்கிப் பிழியுங்கள். பச்சையாகப் போட்டால் இரவுக்குள் காறலும் கசப்பும் வந்துவிடும்.

மீனை ஒரு சென்டிமீட்டர் துண்டாகவும் மற்றதை எல்லாம் அதைவிடச் சற்றுச் சிறியதாகவும் வெட்டுங்கள். வாயில் முதலில் மீன் தெரிய வேண்டும். கலவையைத் தனியே அடித்து, உருளைக்கிழங்கு, வெள்ளரி, ஆப்பிள், வெங்காயம் என்று சேர்த்துப் புரட்டுங்கள். பிறகு மீன், எல்லாவற்றுக்கும் கடைசியில் பீட்ரூட். கிண்டாமல், அடியிலிருந்து மேலாகப் புரட்ட வேண்டும். மூடிக் குளிர்பெட்டியில் 12 மணி நேரம் வைத்தால்தான் உப்பும் புளிப்பும் உருளைக்கிழங்குக்குள் இறங்கும். செய்தவுடன் ருசி பார்த்து, "உப்பு போதவில்லை" என்று அள்ளிப் போட்டுவிடாதீர்கள். மறுநாள் பார்த்துவிட்டுத்தான் உப்பு, மிளகு, வினிகர் எதையும் கூட்ட வேண்டும். முட்டையும் டில்லும் பரிமாறும் நேரத்தில் மேலே.

இது சிவப்பு வகை. பீட்ரூட்டை விட்டுவிட்டால் வெள்ளை வகை. அதில் ஆப்பிளை ஒன்றரை ஆக்கிக்கொள்ளுங்கள். ரைன் நதிப் பக்கத்தார் சிவப்பில் 50 கிராம் வால்நட் உடைத்துப் போடுவார்கள். சம்பந்தி வீட்டில் எது வழக்கம் என்று மருமகளிடம் முன்கூட்டியே ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். நம் வீடுகளில் சாம்பாருக்கு இருப்பதைப் போல அங்கே இதற்கும் வீட்டுக்கு வீடு கைப்பக்குவம் உண்டு.

கேள்வி: மாட்ஜஸ் கிடைக்கவில்லை. கண்ணாடிப் போத்தலில் வினிகர் ஹெரிங்தான் கிடைத்தது. அதில் செய்யலாமா? (வாசகர், சுங்கை சிப்புட்)

செய்யலாம், ஆனால் போத்தலில் எழுதியிருப்பதைப் படித்துவிட்டுச் செய்யுங்கள். பிஸ்மார்க் ஹெரிங், ரோல்மோப்ஸ் என்றிருந்தால் அது வினிகரில் ஊறியது. ரோல்மோப்ஸில் நடுவே ஒரு துண்டு வெள்ளரியைச் சுருட்டிக் குச்சி குத்தியிருப்பார்கள், குச்சியை எடுத்துவிடுங்கள். இந்த மீனை வடிகட்டியில் அரை மணி நேரம் வடியவிட்டு, துணியில் ஒற்றி எடுங்கள். மேலே சொன்ன 2 மேசைக்கரண்டி வினிகர் நீரை அடியோடு விட்டுவிடுங்கள், இல்லாவிட்டால் புளிப்பு தலைக்கேறும்.

ஸ்வீடன், டென்மார்க் போத்தல்கள் நல்ல இனிப்பு. அதை வாங்கியிருந்தால் சர்க்கரையை நீக்கி, மஸ்டர்டை இரட்டிப்பாக்குங்கள். புகையிட்ட ஹெரிங்கும் தக்காளிச் சாற்றில் வரும் டின் மீனும் இதற்கு ஒத்தே வராது.

பீப்பாய் உப்பு ஹெரிங் கிடைத்தால் வேலை கொஞ்சம் கூடுதல். அது நம் கருவாட்டுக்குச் சமமான உப்பு. குளிர்பெட்டிக்குள்ளேயே குளிர்ந்த நீரில் 12 முதல் 24 மணி நேரம் ஊறவிட்டு, இடையில் இரண்டு மூன்று முறை தண்ணீர் மாற்ற வேண்டும். ஓரத்தில் ஒரு துண்டு கிள்ளி வாயில் போட்டுப் பாருங்கள். ஊறுகாய் உப்பு போய், தொட்டுக்கொண்டு சாப்பிடும் உப்பு அளவுக்கு வந்தால் சரி. கடைசி 2 மணி நேரம் பாலில் போட்டு வைப்பது பழைய வழக்கம். உப்பைத் தண்ணீரே இழுத்துவிடும், பால் மீன் வாடையைத் தணிப்பதற்கு.

கேள்வி: இவ்வளவு அலைச்சல் எதற்கு? காலைப் பசாரில் நல்ல கெம்போங் (கானாங்கெளுத்தி) கிடைக்கிறது. அதையே உப்பும் வினிகரும் போட்டு ஊறவைத்தால் ஆகாதா? (வாசகி, சுங்கை சிப்புட்)

ஆகாது. இதில் மட்டும் நாங்கள் விட்டுக்கொடுப்பதாக இல்லை. காரணம் இரண்டு.

ஒன்று, ஹெரிங், கெம்போங் போன்ற கடல்மீன்களில் புழு இருக்கலாம். ஐரோப்பாவில் சமைக்காமல் தின்னும் ஹெரிங்கை, நடுச்சதை வரை மைனஸ் 20 பாகைக்குக் குளிரவைத்து, குறைந்தது 24 மணி நேரம் வைத்த பிறகே விற்க வேண்டும் என்பது விதி. வீட்டுக் குளிர்பெட்டியின் உறைபகுதி சாதாரணமாக மைனஸ் 18க்கு அமைத்தது. கதவைத் திறந்து மூடும் வீட்டில் அதுவும் நிலையாக நிற்காது. உப்பும் வினிகரும் வீட்டில் போடும் அளவில் புழுவைக் கொல்லும் என்று நம்பக் கூடாது.

இரண்டாவது ஹிஸ்டமின். கெம்போங் வகை மீன், ஐஸ் இல்லாமல் நம் வெயிலில் கிடந்தால் பாக்டீரியா அந்த நச்சை உண்டாக்கிவிடும். வாடை தெரியாது, பார்வைக்கும் மீன் நன்றாகவே இருக்கும். சமைத்தாலும் உறையவைத்தாலும் அது போகாது. தின்ற சற்று நேரத்தில் முகம் சிவந்து, அரிப்பும் தலைவலியும் வரும். கெம்போங் வாங்கும்போது அது ஐஸில் புதைந்திருக்கிறதா என்று பாருங்கள். தட்டில் பரப்பி வைத்திருந்தால் அடுத்த கடைக்குப் போங்கள்.

நல்ல செய்தியும் உண்டு. வடஜெர்மனியிலேயே மீனைப் பொரித்து வினிகரில் ஊறவைக்கும் பிராட்ஹெரிங் என்றொரு வகை இருக்கிறது. அந்த முறை கெம்போங்குக்கு நன்றாகப் பொருந்தும். இன்னும் ஒரு படி நெருங்க வேண்டுமானால் தம்பான் மீன் வாங்குங்கள். ஹெரிங் குடும்பத்து மீன்தான், முள் அதிகம், ஆனால் வினிகரில் சின்ன முள் மெத்தென்று ஆகிவிடும்.

600 கிராம் மீனைச் சுத்தம் செய்து, உப்புத் தடவி, ஈரத்தை ஒற்றி, கோதுமை மாவில் புரட்டி உதறிவிட்டு, உள்ளே முள்ளோடு ஒட்டிய சதையும் வேகும்வரை மொறுமொறுவென்று பொரியுங்கள். மஞ்சளும் மிளகாய்த்தூளும் இதற்கு வேண்டாம். வினிகர் 250 மில்லி, தண்ணீர் 250 மில்லி, சர்க்கரை 2 மேசைக்கரண்டி, உப்பு 1 தேக்கரண்டி, கடுகு 1 தேக்கரண்டி, முழுமிளகு 6, பிரிஞ்சி இலை 2, வளையமாக அரிந்த வெங்காயம் 1, இவற்றைக் கொதிக்கவிட்டு ஆறவையுங்கள். ஆறிய மீன்மேல் ஆறிய நீரை ஊற்றி, மூடி, 2 நாள் குளிர்பெட்டியில் வையுங்கள். சூடாக ஊற்றினால் பொரித்த மாவு கூழாகி நீர் கலங்கிவிடும். பிறகு நடுமுள்ளை உருவிச் சதையை உதிர்த்து, முன்சொன்ன சாலட்டில் ஹெரிங்குக்குப் பதிலாகச் சேர்க்கலாம். சாலட் பட்டியலில் உள்ள வினிகர் நீரை இதிலும் சேர்க்கக் கூடாது. ஹெரிங்கின் வழவழப்பு இதில் வராது. ஆனால் விருந்தாளிகளுக்குத் தெரிந்த ருசியாகவே இருக்கும், பயமில்லாமல் பரிமாறலாம்.

இன்னொன்று. ரப்பர் தோட்டத்து ஊர்களில் ரப்பர் பால் உறையவைக்கும் சுக்காவும் (மலாயில் வினிகருக்கும் இதே பெயர்தான்) வீட்டில் இருக்கும். அது பார்மிக் ஆசிட், தொண்டையையும் வயிற்றையும் வேகவைத்துவிடும். சமையல் வினிகர் என்பது உணவுக்கடையில் முத்திரையோடு வரும் போத்தல், அமிலம் 4 அல்லது 5 விழுக்காடு என்று எழுதியிருக்கும். எழுத்தில்லாத போத்தலில் உள்ள எதையும் சமையலுக்கு எடுக்காதீர்கள். தோட்டத்துச் சுக்காவைச் சமையலறைக்குள் வைக்கவே வேண்டாம்.

கேள்வி: ஒத்திகையாக ஒரு முறை செய்து பார்த்தோம். மறுநாள் பாத்திரத்தின் அடியில் ரோஜா நிறத் தண்ணீர் நின்றது, உருளைக்கிழங்கும் கரைந்துவிட்டது. எங்கே தவறு? (பக்கத்து வீட்டு வாசகி, சுங்கை சிப்புட்)

இந்தச் சாலட் கெட்டால் அநேகமாக இப்படித்தான் கெடும். ஆகவே சற்று விரிவாகவே சொல்கிறோம்.

மீனில் உப்பு இருக்கிறது. உப்பு பக்கத்தில் உள்ள காய் பழங்களிலிருந்து நீரை இழுக்கும். ஆப்பிள், வெள்ளரி, வெங்காயம், பீட்ரூட் நான்குமே நீர் நிறைந்தவை. ஒவ்வொன்றின் ஈரத்தையும் கலப்பதற்கு முன்பே எடுத்துவிட வேண்டும். வெள்ளரியை நறுக்கிய பின் வடிகட்டியில் போட்டு உள்ளங்கையால் அழுத்துங்கள். பீட்ரூட் துண்டுகளைத் துணியில் பரப்பிக் கால் மணி நேரம் விடுங்கள். மீனையும் ஒற்றி எடுங்கள். ஆப்பிளை மட்டும் பிழிய முடியாது, அதனால் மாவுத்தன்மையுள்ள சிவப்பு ஆப்பிளைத் தவிர்த்து, கெட்டியான பச்சை ஆப்பிளைத் தேர்ந்தெடுக்க வேண்டும். சூடு ஆறாத உருளைக்கிழங்கைக் கலவையில் போட்டிருந்தாலும் மயோனெய்ஸ் இளகி எண்ணெய் பிரியும்.

கரைந்த உருளைக்கிழங்குக்குக் காரணம் வகை. மசிப்பதற்கு ஏற்ற மாவுக் கிழங்கு இதில் உதிர்ந்துவிடும். வாங்கிய கிழங்கு எந்த வகை என்று வீட்டிலேயே பார்க்கலாம். 11 கப் தண்ணீரில் 1 கப் உப்பைக் கரைத்து அதில் போடுங்கள். மூழ்கினால் மாவுக் கிழங்கு, கறிக்கு வைத்துக்கொள்ளுங்கள். மிதந்தால் சாலட்டுக்கு ஆகும். அவிக்கும்போது குளிர்ந்த நீரிலேயே போட்டு, மெதுவாகக் கொதிக்கவிட்டு, கத்தி நுழையும் பதத்தில் எடுத்துவிட வேண்டும். தோல் வெடிக்கும்வரை விட்டால் போச்சு.

தண்ணீர் விட்ட சாலட்டைத் தூக்கிப் போட வேண்டியதில்லை. நீரை வடித்துவிட்டு, 2 மேசைக்கரண்டி சவர் கிரீமும் புதிதாக அவித்து ஆறிய ஒரு கிழங்கும் சேர்த்துப் புரட்டி, 2 மணி நேரம் குளிரவிடுங்கள். உப்புக் கரித்தாலும் இதே வைத்தியம். சர்க்கரை போட்டால் உப்பு குறையாது, திகட்டல்தான் கூடும்.

கேள்வி: சவர் கிரீம் எங்கள் ஊர்க் கடைகளில் இல்லை. கேக் பொருள் விற்கும் கடையில் விப்பிங் கிரீம் வாங்கி எலுமிச்சை பிழிந்தோம், புளிக்கவே இல்லை, இனித்தது. (வாசகி, சுங்கை சிப்புட்)

நீங்கள் வாங்கியது தாவரக் கொழுப்பில் செய்து சர்க்கரை சேர்த்த கிரீமாக இருக்கும். அதில் தயிரின் கிருமி வேலை செய்து கெட்டியான புளிப்புக் கிரீம் தராது. பெட்டியின் பின்பக்கத்தில் பால் கிரீம், கொழுப்பு 35 விழுக்காடு என்று இருப்பதை வாங்குங்கள். 200 மில்லிக்கு 2 மேசைக்கரண்டி புளித்த தயிர் கலந்து, கொதிநீரில் கழுவிக் காயவைத்த போத்தலில் ஊற்றி, மூடி, சமையலறையிலேயே வையுங்கள். நம் சூட்டுக்கு 6 முதல் 8 மணி நேரத்தில் கெட்டியாகும். உடனே குளிர்பெட்டிக்கு மாற்றிவிடுங்கள்.

அதுவும் வேண்டாம் என்றால் தயிர் இருக்கிறதே. 500 கிராம் கெட்டித் தயிரை மெல்லிய துணியில் கட்டி, குளிர்பெட்டிக்குள் ஒரு இரவு தொங்கவிட்டால் ஏறக்குறைய பாதியாக வற்றும். அதில் 200 கிராம் எடுத்து, 2 மேசைக்கரண்டி பால் கிரீம் சேருங்கள். கொழுப்பு குறைந்த தயிர் கூடாது, திரிதிரியாகப் பிரியும். இங்கே விற்கும் மயோனெய்ஸிலும் சில இனிப்பானவை. அப்படியானால் பட்டியலில் உள்ள சர்க்கரையை விட்டுவிடுங்கள்.

கேள்வி: சில குறிப்புகளில் கன்றுக்குட்டி இறைச்சி சேர்ப்பதாகப் படித்தோம். எங்கள் வீட்டில் ஆகாது. (வாசகி, சுங்கை சிப்புட்)

சேர்க்க வேண்டாம். அது சில வட்டாரங்களின் வழக்கம்தான். இறைச்சியே இல்லாமல் செய்யும் வீடுகள் அங்கே நிறைய. தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதனன்று இதைத் தின்பதே, அன்று இறைச்சி விலக்கு என்பதால்தான்.

கேள்வி: கடலுக்குத் தொலைவான ஜெர்மன் ஊர்களிலும் இது எப்படிப் பரவியது? (மாணவர், சுங்கை சிப்புட்)

உப்பினால். இடைக்காலத்தில் ஹன்சா என்ற வடஜெர்மன் வணிக நகரங்களின் கூட்டமைப்பைச் சேர்ந்த வணிகர்கள் லூனபுர்க் சுரங்க ஊற்றுநீர் உப்பை லூபெக் துறைமுகத்துக்குக் கொண்டுபோனார்கள். இன்று தென்ஸ்வீடனாக உள்ள ஸ்கோனே கரையில் பிடித்த ஹெரிங்கை அந்த உப்பில் பீப்பாய் பீப்பாயாக அடைத்தார்கள். 1398இல் திறந்த ஸ்டெக்னிட்ஸ் கால்வாய் அந்த உப்பை ஏற்றிச் சென்றது. பீப்பாய் மீன் கெடாது, ஆற்று வழியே உள்நாடு வரை போகும். பனிக்காலத்தில் நிலவறையில் இருக்கும் கிழங்கும் ஆப்பிளும் பீட்ரூட்டும் அதோடு சேர்ந்தன. உருளைக்கிழங்கு மட்டும் வெகு பிந்தி அமெரிக்காவிலிருந்து வந்து சேர்ந்தது.

கேள்வி: திறந்த இல்ல உபசரிப்பில் வாசலில் கூடாரம் போட்டு 40 பேருக்கு வைக்கிறோம். எத்தனை மணி நேரம் தாங்கும்? எதோடு பரிமாறுவது? (சமையலுக்கு உதவும் வாசகர், சுங்கை சிப்புட்)

கூடாரத்தில் 32 பாகைக்கு மேல் சூடு என்றால் ஒரு மணி நேரம், அதற்குமேல் கூடாது. மொத்தத்தையும் மேசைக்குக் கொண்டுவராதீர்கள். குளிர்பெட்டியில் 5 பாகைக்குக் கீழே வைத்திருந்து, சிறு கிண்ணங்களில் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து, ஐஸ் பரப்பிய தட்டில் வையுங்கள். தீர்ந்த கிண்ணத்திலேயே புதிதைக் கொட்டாமல் கிண்ணத்தையே மாற்றுங்கள். மற்ற பலகாரங்களும் இருக்கும் விருந்தில் தலைக்கு 100 கிராம் போதும். நாங்கள் தந்த அளவை மூன்று மடங்காக்கினால் 40 பேருக்குத் தாராளமாகவே வரும். ஒரே பெரிய அண்டாவில் கலக்காமல் மூன்றாகப் பிரித்துக் கலந்தால் கிழங்கு உடையாது, சீக்கிரமும் குளிரும்.

அங்கே இதற்குக் கறுப்பு ரை ரொட்டி. இங்கே பெங்காலி ரொட்டியைத் தடிமனாக அறுத்து, வெண்ணெய் இல்லாமல் வாட்டி வைக்கலாம். இனிப்பான மெத்து ரொட்டி இந்தப் புளிப்புக்கு ஒத்துப்போகாது. மீதியானதை மறுநாளுக்கு மேல் வைக்க வேண்டாம். உறையவைத்தால் மயோனெய்ஸ் பிரிந்து, கிழங்கு மணல்மணலாகும்.

கேள்வி: வீட்டில் கர்ப்பிணி ஒருவர் இருக்கிறார். அம்மாவுக்கு இரத்த அழுத்தம். அவர்களுக்குக் கொடுக்கலாமா? (வாசகி, சுங்கை சிப்புட்)

கர்ப்பிணிக்கு மாட்ஜஸும் போத்தல் ஹெரிங்கும் வேண்டாம். அவை சமைக்காத மீன், லிஸ்டீரியா கிருமி அபாயம் உண்டு. வீட்டில் பச்சை முட்டையில் அடித்த மயோனெய்ஸும் அவருக்கு ஆகாது. அவருக்கென்று, அன்றே நன்றாகப் பொரித்த கெம்போங்கை முள் நீக்கி உதிர்த்து, கடை மயோனெய்ஸில் ஒரு கிண்ணம் தனியாகக் கலந்து, கலந்த அன்றே கொடுத்துவிடுங்கள். அம்மாவுக்கு மாட்ஜஸ் உப்பு அதிகம். அவருக்கும் அதே முறையில் தனிக் கிண்ணம் கலந்து, ஆனால் மீனில் உப்புத் தடவாமல் பொரித்து, வெள்ளரி ஊறுகாய்க்குப் பதில் விதை நீக்கிப் பிழிந்த பச்சை வெள்ளரி போட்டுக் கொடுக்கலாம்.